தேருக்குக் குறுக்கே என் வயர்

கேபிள் தொழில் செய்கிறவர்கள் கொண்டுவரும் ஆண்டு மலருக்கு ஒரு கட்டுரை வேண்டும் என்று போன மாதம் இரண்டு பேர் வந்தார்கள். "லைவ் பண்ணின அனுபவத்தை ரெண்டு பக்கத்துக்கு எழுதித் தாங்க சார். கூட ஒரு போட்டோ வேணும். கொஞ்சம் சின்ன வயசுப் போட்டோவா இருந்தா நல்லது" என்றார்கள். கடைசியில் சொன்னது எனக்குப் பிடிக்கவில்லை. ஆனாலும் எழுதுகிறேன்.

இன்றைக்கு லைவ் என்பது தண்ணீர் பட்ட பாடாகிவிட்டது. என் தம்பி மகன் இடியாப்பமும் சொதியும் சாப்பிடுவதை போனில் லைவ் போட்டான். பதினோரு பேர் பார்த்தார்கள். அதில் நானும் ஒருவன். படம் ஆடவில்லை. சத்தம் சுத்தமாக இருந்தது. சொதியில் மிதந்த முருங்கைக்காயை எண்ணிவிடலாம். எங்கள் காலத்தில் இப்படி ஒரு படம் காட்ட ஆறு ஆளும் ஒரு ஜெனரேட்டரும் வேண்டும். அப்படியும் ஆடும். எனக்குப் பொறாமையாகத்தான் இருந்தது, அதை ஏன் மறைக்க வேண்டும்?

நான் தொழில் கற்ற கதை ரொம்பச் சின்னது. கல்யாண வீடுகளில் லைட் பிடித்தேன். பிறகு கேமரா பிடித்தேன். பிறகு கேமரா பிடிக்கிறவனை ஏச ஆரம்பித்தேன். இதற்குப் பெயர்தான் டைரக்‌ஷன் என்று வண்ணார்பேட்டை பாத்திரக்கடை அண்ணாச்சி சொன்னார். அவர் முதலாளி, நான் மறுத்துப் பேசவில்லை.

அண்ணாச்சி தொண்ணூறுகளின் தொடக்கத்தில் கடை மொட்டைமாடியில் டிஷ் வைத்து, நாலைந்து ஊருக்கு வயர் இழுத்தார். பிறகு சொந்தமாக ஒரு சேனலும் தொடங்கினார். அவரிடம் ஒரு பழக்கம் உண்டு. எவர்சில்வர் குடம் வாங்குகிறவர்கள் விரல் முட்டியால் தட்டிப் பார்ப்பார்கள் அல்லவா, அண்ணாச்சி எல்லாவற்றையும் அப்படித் தட்டிப் பார்ப்பார். கேமரா வந்த அன்று அதைத் தட்டினார். இரண்டு கேமராப் படத்தில் எது வெளியே போக வேண்டும் என்று மாற்றுகிற மிக்சர் பெட்டியைத் தட்டினார். என்னை வேலைக்கு எடுத்த அன்று என் தோளைத் தட்டினார். பாராட்டுகிறார் என்று நினைத்து வீட்டில் போய்ப் பெருமையாகச் சொன்னேன். ஓட்டை உடைசல் இருக்கிறதா என்று பார்த்திருக்கிறார்.

டைரக்‌ஷன் பற்றி அவருக்கு ஒரே ஒரு சட்டம்தான்.

"முகம்லே, முகம். கூட்டத்துல ஒரு முகம் விட்டுப்போவக் கூடாது. பந்தி விசாரிக்க மாதிரி போவணும். முத எலையில தொடங்கி கடைசி எலை வரைக்கும், 'வந்தியளா, சாப்டியளா'ன்னு கேட்டுக்கிட்டே போவோம்லா, அப்படி."

நாங்கள் அந்த ஷாட்டுக்குப் 'பந்தி' என்றே பெயர் வைத்துவிட்டோம். கூட்டம் எங்கே கூடினாலும் கேமரா இடது ஓரத்தில் தொடங்கி வலது ஓரம் வரை ஒவ்வொரு முகமாக விசாரித்துக்கொண்டு போகும். ஒரு முறை கபடிப் போட்டியில் நாங்கள் பந்தி விசாரித்து முடிப்பதற்குள் ஆட்டமே முடிந்துவிட்டது. ஜெயித்தது யார் என்று படத்தில் கடைசி வரை தெரியவில்லை. ஒரு புகார் வரவில்லை. எல்லோரும் அவரவர் முகத்தைப் பார்த்துவிட்டு நிம்மதியாகத் தூங்கப் போயிருந்தார்கள்.

எங்கள் ஸ்டூடியோ அண்ணாச்சியின் பாத்திர கோடவுன். பின்னால் அடுக்கியிருக்கும் அண்டா குண்டாவை மறைத்து ஒரு நீலத் திரை. முதல் லைவ் நிகழ்ச்சியில் ஒரு தமிழாசிரியர் பண்டிகை வாழ்த்துச் சொல்லிக்கொண்டிருந்தார். பாதியில் அண்ணாச்சி திரையை விலக்கிக்கொண்டு உள்ளே வந்தார். வாத்தியார் தலைக்குப் பின்னால் இருந்த அண்டா ஒன்றை எடுத்தார். மூன்று தடவை தட்டினார். திருப்தியாகி எடுத்துக்கொண்டு போய்விட்டார். வாசலில் வாடிக்கையாளர் காத்திருந்தாராம். வாத்தியார் ஒவ்வொரு தட்டுக்கும் வாழ்த்தை நிறுத்தி, தட்டு ஓய்ந்ததும் தொடர்ந்தார். மறுநாள் கடைக்கு வந்தவர்கள் வாத்தியாரைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. "டிவியில தட்டுன அண்டா இருக்கா அண்ணாச்சி?" என்றுதான் கேட்டார்கள்.

இப்போது துண்டு விஷயத்துக்கு வருகிறேன். பெரிய சேனல்களில் டைரக்டர் பேசுவது கேமராமேன் காதில் விழும். எந்தக் கேமராவின் படம் வெளியே போகிறதோ அதன் தலையில் சிவப்பு விளக்கு எரியும். எங்களுக்கு இரண்டும் கிடையாது. ஒன்றாம் கேமரா என் பக்கத்திலேயே இருக்கும், வாயால் சொல்லிக்கொள்வேன். இரண்டாம் கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டு இசக்கி கூட்டத்துக்குள் திரிவான். அவனுக்காக நான் கண்டுபிடித்ததுதான் துண்டு. மாடி ஜன்னலில் சிவப்புத் துண்டைக் காட்டினால், 'இப்போது உன் படம்தான் போகிறது, ஆடாமல் நில்' என்று அர்த்தம். பச்சைத் துண்டைக் காட்டினால், 'உன் படம் போகவில்லை, எங்கே வேண்டுமானாலும் நட, மூக்கைச் சொறிந்துகொள்' என்று அர்த்தம். இந்த ஏற்பாட்டில் எனக்கு இருந்த பெருமை கொஞ்சநஞ்சம் அல்ல.

அந்தச் சமயத்தில் எனக்குப் பெண் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு பெண் வீட்டிலும், "மாப்பிள்ளை கல்யாண வீட்டுல வீடியோ எடுக்க பையன்தானே" என்று கேட்டுவிட்டுக் காப்பியோடு அனுப்பிவிடுவார்கள். நாலு வீட்டில் இப்படி ஆயிற்று. ஐந்தாவதாக ஒரு தரகர் கோமதியின் போட்டோவைக் கொண்டுவந்தார். அதை நான் ஒருநாள் முழுக்கத் திருப்பிக் கொடுக்கவில்லை. கட்டினால் இந்தப் பெண்ணைத்தான் என்று அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன்.

"பொண்ணுக்கு அப்பா கரண்ட் ஆபீஸ்ல பெரிய உத்தியோகம்" என்றார் தரகர். "உம்மையும் நான் சும்மா விடலவே. டிவி டைரக்டர்னு சொல்லி வச்சிருக்கேன். என்னத்த டைரக்ட் பண்ணுதாருன்னு கேட்டாவ. அக்கரையில தேரோட்டம் வருது, லைவுல போடுதாரு, நீங்களே பாத்து முடிவு பண்ணுங்கன்னு சொல்லிட்டேன்."

தேரோட்டம் நடக்கிற அந்த ஊர் சீவலப்பேரி போகிற வழியில் ஆற்றங்கரையில் இருக்கிறது. பெயர் வேண்டாம், இன்றைக்கும் அங்கே நாலு பேர் என்னைப் பார்த்தால் துண்டை ஆட்டிக் காட்டுகிறார்கள். கோமதியின் ஊர் ஆற்றுக்கு எதிர்க்கரை. அண்ணாச்சியின் வயர் பாலத்துச் சுவரோடு ஒட்டி அந்த ஊருக்கும் போயிற்று. ஆக, நான் காட்டும் தேரை அவர்கள் வீட்டில் பார்ப்பார்கள். தேர் நன்றாக ஓடினால் கோமதி. ஓடாவிட்டால் காப்பி.

நான்கு வீதி கூடும் முக்கில் ஒரு மாடி வீட்டைப் பிடித்தோம். தேர் நேரே எங்களைப் பார்த்து வந்து, ஜன்னலுக்குக் கீழே திரும்பும். திருப்பத்தில் மேல் தட்டு ஒரு பக்கமாகச் சாய்ந்து, கூட்டம் ஓவென்று சத்தம் போடும். அந்த ஒரு ஷாட் போதும், பெண் வீட்டார் எழுந்து நின்று கும்பிடுவார்கள் என்று கணக்குப் போட்டிருந்தேன். முந்தின நாளே போய் ஜன்னலை மறித்து மேசை போட்டோம். ஜன்னலிலிருந்து வீதிக்குக் குறுக்கே எதிர்க் கம்பத்துக்கு வயர் கட்டி, அங்கிருந்து அண்ணாச்சியின் மெயின் வயரில் சேர்த்தோம். தேரின் உயரத்தை நான் கேமராவில் மூன்று தடவை அளந்தேன். கும்பக்கலசம் படத்துக்குள் வருகிறதா என்பதுதான் என் கவலை.

தேரன்று வீதிகளில் கரண்டை நிறுத்திவிடுவார்கள். கரண்ட் ஆபீஸ் ஆட்கள் முன்னால் போய்க் குறுக்கே இருக்கிற கம்பிகளை அவிழ்ப்பார்கள், தேர் போன பிறகு கட்டுவார்கள். அதனால் தேர் வீதியில் இருந்த எவரும் எங்கள் லைவைப் பார்க்க முடியவில்லை. பாவம், தேரைத்தான் பார்த்தார்கள். நாங்கள் ஜெனரேட்டரில் ஓட்டினோம்.

எட்டரை மணிக்குத் தேர் கிளம்பியது. முதலில் ஒன்றாம் கேமராவில் தூரத்துப் படம். வடம் நீண்டு வர, அதைப் பிடித்துக்கொண்டு ஊரே நடந்து வர, பின்னால் தேர் அசைந்து வந்தது. எனக்கே மெய்சிலிர்த்தது. கிட்டத்துப் படம் காட்டலாம் என்று இசக்கியின் கேமராவுக்கு மாற்றிச் சிவப்புத் துண்டைக் காட்டினேன்.

தேர் நின்றுவிட்டது.

சரி, இளைப்பாறுகிறார்கள் என்று நினைத்தேன். நிற்கிற தேரைக் காட்டி என்ன பிரயோஜனம்? ஒன்றாம் கேமராவுக்கு மாற்றிப் பச்சைத் துண்டைக் காட்டினேன். உடனே தேர் புறப்பட்டது. அடடா, சக்கரம் உருளுவதைக் கிட்டத்தில் காட்ட வேண்டுமே என்று மறுபடி இசக்கிக்கு மாற்றிச் சிவப்பைக் காட்டினேன். தேர் நின்றது. பச்சையைக் காட்டினேன். கிளம்பியது. இப்படி நாலு தடவை ஆயிற்று. இசக்கி கேமராவில் இந்தத் தேர் ஓடுகிற மாதிரியே படம் வரவில்லை.

அண்ணாச்சி எனக்குப் பின்னால் நாற்காலி போட்டு, வீட்டுக்காரருடைய டெலிபோனை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அது அடித்துக்கொண்டே இருந்தது.

"அக்கரையில இருந்து கேக்காவ. தேரு ஏன் நின்னு நின்னு போவுதுன்னு."

"எனக்கு எப்படித் தெரியும் அண்ணாச்சி? இசக்கி கேமராவுல ராசி இல்ல."

அண்ணாச்சி டெலிபோனை ஒரு தட்டுத் தட்டினார். பிறகு என் மண்டையை ஒரு தட்டு. "பந்தியாவது விசாரிலே. நிக்க நேரத்துல முகத்தைக் காட்டு" என்றார்.

இசக்கி தானாகவே பந்தி விசாரிக்கத் தொடங்கியிருந்தான். அவன் படத்தில் எனக்கு ஒன்று உறைத்தது. வடம் பிடித்திருந்த அத்தனை முகமும் ஒரே இடத்தை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தன. என் ஜன்னலை! நான் துண்டை லேசாக இடது பக்கம் நகர்த்தினேன். அத்தனை முகமும் இடது பக்கம் நகர்ந்தன.

கீழே மோர்ப் பந்தலில் உட்கார்ந்திருந்த ஒரு பெரியவர் எழுந்து வந்து கத்தினார். "நல்லாத்தான் காட்டுதீரு தம்பி. ஆனா பொசுக்கு பொசுக்குன்னு மாத்தாதியும். இழுக்கவனுக்கு மூச்சு வாங்கும்லா!"

விஷயம் இதுதான். வடம் பிடிக்கிறவர்களுக்குத் தேர் முதுகுப் பக்கம் வரும். அது எப்படி வருகிறது என்று அவர்களுக்குத் தெரியாது. அதனால் அந்த ஊரில் முக்கு வீட்டு மாடி ஜன்னலில் ஒருவர் நின்று துண்டு காட்டுவது வழக்கம். பச்சை என்றால் இழு, சிவப்பு என்றால் நில். வருடா வருடம் காட்டுகிறவர் அந்தப் பெரியவர். அவர் காலையில் மாடிக்கு வந்து பார்த்திருக்கிறார். ஜன்னலில் எங்கள் மேசை, மேசைமேல் சிவப்பும் பச்சையுமாய் இரண்டு துண்டு. 'இந்த வருசம் டிவிக்காரங்களே காட்டுதாவ போலுக்கு' என்று மோர் குடிக்கப் போய்விட்டார்.

லைவ் டைரக்டர் என்று சொல்லிக்கொண்ட எத்தனையோ பேரை நான் பிற்காலத்தில் பார்த்திருக்கிறேன். தேரையே டைரக்ட் பண்ணினவன் நான் ஒருவன்தான்.

பயமாக இருந்தது, ஆனால் கொஞ்சம் சந்தோஷமாகவும் இருந்தது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். இசக்கியை அவன் போக்கில் விட்டுவிட்டு, பச்சைத் துண்டை நீளமாக ஆட்டினேன். தேர் தடையில்லாமல் வந்தது. டெலிபோன் ஓய்ந்தது. இன்னும் நாற்பதடி வந்தால் திருப்பம். மனசுக்குள் கோமதிக்குத் தாலியே கட்டிவிட்டேன்.

அப்போது கீழேயிருந்து ஒரு குரல் கேட்டது. காக்கிச் சட்டை, தலையில் முண்டாசு, கையில் நுனி கவட்டையான நீள மூங்கில் கம்போடு ஒரு வயர்மேன் நின்றார். ஐம்பது வயது இருக்கும்.

"ஏ மாடி! குறுக்க ஒரு கறுப்பு வயரு போவுதே, இது யாரு கட்டுனது? எங்க வயரு இல்லையே!"

எட்டிப் பார்த்தேன். எங்கள் வயர். வீதிக்கு நட்டநடுவே, தேரின் இடுப்பு உயரத்தில். படத்துக்கு அளந்த தேரை நான் வயருக்கு அளக்கவே இல்லை. சிவப்புத் துண்டைக் காட்டினேன். முப்பதடித் தூரத்தில் தேர் நின்றது.

"அவுத்துப் போடும்வே. தேரு வரணும்லா" என்றார் வயர்மேன்.

"அவுத்தா லைவு போயிரும்!"

"போட்டும்."

அண்ணாச்சி எழுந்து வந்தார். "அறுக்கப்படாது. திருப்பத்தைக் காட்டுன பொறவு அறுப்போம்."

"அண்ணாச்சி, வயரைத் தாண்டினாத்தான் திருப்பமே" என்றேன்.

"அப்பம் தேரு நிக்கட்டும். யோசிப்போம்" என்று உட்கார்ந்துவிட்டார்.

நானும் யோசித்தேன். ஐந்து நிமிடம் சிவப்புத் துண்டைப் பிடித்துக்கொண்டே யோசித்தேன். கூட்டம் பொறுமையாக நின்றது. துண்டு சிவப்பாக இருந்தால் ஏதோ காரணம் இருக்கும் என்று அவர்களுக்கு நம்பிக்கை. காரணம் நான்கு வீட்டுக் காப்பி என்று அவர்களுக்கு எப்படித் தெரியும்?

வயர்மேன் விடவில்லை. "என்னவே யோசனை? அப்படி அந்த வயருல என்ன போவுது?"

எனக்கு ஆத்திரம் வந்துவிட்டது. "என் வாழ்க்கை போவுதுவே! அக்கரையில ஒரு மனுசன் டிவி முன்னால உக்காந்திருக்காரு. எனக்குப் பொண்ணு குடுக்கதா வேண்டாமான்னு இதைப் பாத்துத்தான் முடிவு பண்ணப் போறாரு!"

"யாரு அது?"

"உம்ம ஆபீஸ்தான். கரண்ட் ஆபீஸ்ல பெரிய உத்தியோகம். பொண்ணு பேரு கோமதி."

வயர்மேன் கம்பை ஊன்றிக்கொண்டு என்னை மேலும் கீழும் பார்த்தார். பிறகு, "அவரு டிவி பாக்கலைவே. அவருக்கு இன்னைக்கு டூட்டி" என்றார். வயரை அறுக்க வைப்பதற்காக என்னிடம் பொய் சொல்கிறார் என்றுதான் நினைத்தேன்.

அப்போதுதான் இசக்கியின் படத்தைப் பார்த்தேன். சிவப்பைக் காட்டின பழக்கத்தில் அவனுக்கு மாற்றியிருந்தேன், ஐந்து நிமிடமாக அவன் படம்தான் போய்க்கொண்டிருந்தது. முகம் முகமாகக் காட்டிச் சலித்துப்போய், கேமராவைக் கீழே இறக்கியிருந்தான். கால்கள். சித்திரை வெயிலில், தார் ரோட்டில், செருப்பில்லாத நூறு கால்கள். ஒரு காலைத் தூக்கி மறு காலின்மேல் வைத்து, மாற்றி மாற்றி நின்றுகொண்டிருந்தன. ஒரு அம்மா குடத்தோடு வந்து ஒவ்வொரு காலாகத் தண்ணீர் ஊற்றிக்கொண்டு போனாள். வடத்தை மட்டும் ஒருவரும் கீழே விடவில்லை.

எனக்கு வெட்கமாகிவிட்டது. வேறு எதுவும் தோன்றவில்லை. "கட்டிங் பிளேயர் இருக்கா?" என்று கீழே கேட்டேன். வயர்மேன் இடுப்பிலிருந்து எடுத்து மேலே வீசினார். அண்ணாச்சிதான் பிடித்தார். விரல் முட்டியால் ஒரு தட்டுத் தட்டிப் பார்த்தார். "நல்ல சரக்கு" என்று சொல்லி என்னிடம் கொடுத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். என் வயரை நானே அறுத்தேன். அது கீழே விழுந்தது. வயர்மேன் அதைக் கவட்டைக் கம்பால் வாரிச் சுருட்டினார். நான் பச்சைத் துண்டைக் காட்டினேன்.

தேர் என் ஜன்னலுக்குக் கீழே திரும்பியது. மேல் தட்டு சாய்ந்தது, கூட்டம் ஓவென்று கத்தியது. அப்படி ஒரு ஷாட் அதற்குப் பிறகு என் வாழ்க்கையில் வாய்க்கவில்லை. மாடியிலிருந்து அதைப் பார்த்தது ஜன்னலில் நின்ற நாங்கள் மட்டும்தான். தேர் தாண்டிய பிறகு வயர்மேன் கம்பத்தில் ஏறி வயரை மறுபடி இழுத்துக் கட்டிக் கொடுத்துவிட்டுப் போனார். ஜன்னல் பக்கத்து முனையை நான் ஒட்டி முடித்துப் படம் போக அரை மணி நேரம் ஆயிற்று. அதற்குள் தேர் அடுத்த வீதிக்குப் போய்விட்டது. காலி ரோட்டையும் மோர்ப் பந்தலையும் காட்டினோம்.

அவ்வளவுதான், ஐந்தாவது காப்பி என்று முடிவு கட்டிவிட்டேன். ஆனால் பத்து நாள் கழித்துத் தரகர் வந்து பெண் பார்க்கக் கூப்பிட்டார். போனோம். "இவருதான் டைரக்டர்" என்றார் தரகர். "இவுகதான் பொண்ணுக்கு அப்பா, கரண்ட் ஆபீஸ்ல..." என்று அவர் இழுக்கும்போதே நான் ஆளைப் பார்த்துவிட்டேன். வெள்ளை வேட்டி சட்டையில் அந்த வயர்மேன் உட்கார்ந்திருந்தார். பெரிய உத்தியோகஸ்தர் என்று நான் நினைத்தவர் கம்போடு நடக்கிறவர். டைரக்டர் என்று அவர் நினைத்தவன் துண்டு ஆட்டுகிறவன். இரண்டு பேரையும் தரகர் ஒரே அளவில்தான் உயர்த்தியிருந்தார்.

"துண்டு கொண்டாந்தீரா?" என்று கேட்டார் கோமதியின் அப்பா.

வெறும் கையை விரித்துக் காட்டினேன். அவர் தரகரைப் பார்த்துச் சொன்னார்: "அஞ்சு நிமிசம் தேரையே நிறுத்தி வச்சாம்யா இந்தப் பய. என் மகளுக்காவ. ஆனா ஊர்க்காரன் கால் சுடுதுன்னு தெரிஞ்சதும் அவனே அறுத்துட்டான். நமக்கு இது போதும்." பிறகு உள்ளே பார்த்து, "காப்பி கொண்டாங்க" என்றார். காப்பி என்றதும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. கொண்டுவந்தது கோமதி என்பதால் உயிர் வந்தது.

அதன் பிறகு பெரிய சேனல்களுக்கும் லைவ் செய்தேன், காதில் மாட்டும் கருவியும் சிவப்பு விளக்கும் வந்தன, போன வருடம் ஓய்வும் பெற்றேன். எத்தனையோ பேர் என் வேலையைப் பாராட்டியிருக்கிறார்கள், குறை சொல்லியிருக்கிறார்கள். என் மாமியார் சொன்னதைப் போல ஒருவரும் சொன்னதில்லை. கல்யாணமான புதிதில் கோமதிதான் அதைச் சொன்னாள்.

அன்றைக்கு டிவி முன்னால் உட்கார்ந்திருந்தது கோமதியும் அவள் அம்மாவும். நான் வயரை அறுத்ததும் படம் போய், திரை முழுக்க வெள்ளையும் கறுப்புமாகப் புள்ளிகள் இரைச்சலோடு கொதித்திருக்கின்றன. கோமதி எழுந்து அணைக்கப் போயிருக்கிறாள். அம்மா கையைப் பிடித்து உட்கார வைத்துவிட்டாள். அரை மணி நேரம் இமைக்காமல் பார்த்தாளாம்.

"மாப்பிள்ளை நல்லாத்தான் எடுக்காருட்டீ" என்றாளாம் கடைசியில். "எம்புட்டுக் கூட்டம், எம்புட்டு இரைச்சல். ஆனா ஒரு முகம்கூடப் பிடிபட மாட்டேங்கே."